கொங்கு நாட்டு ஒலிமந்திரம்: சொல்லால் நடக்கும் மந்திர முறையைக் கட்டுவது எப்படி?

கொங்கு ஊர் ஒன்றில் நடக்கும் மாயக்கதையோ நாவலோ மேசை விளையாட்டோ எழுத உட்கார்ந்திருக்கிறீர்கள். அதில் மந்திரம் வாய்ச்சொல்லால் நடக்க வேண்டும். பாட்டி சொன்னால் மழை வரணும், பேரன் அதையே சொன்னால் வரக்கூடாது. ஏன் வரவில்லை என்று வாசகர் கேட்டால் உங்களிடம் பதில் இருக்கணும். அந்தப் பதிலை முன்கூட்டியே கட்டிவைப்பதுதான் இங்கே வேலை.

இதில் இறங்குகிற பெரும்பாலோர் தலைகீழாகத் தொடங்குகிறார்கள். முதலில் கம்பீரமான மந்திரச் சொற்களை உருவாக்குகிறார்கள், விதிகளை அப்புறம் தேடுகிறார்கள். பாதிக் கதை ஓடிய பிறகு ஒன்றுக்கொன்று முட்டிக்கொள்ளும். அளவை முதலில் வையுங்கள், விலையை இரண்டாவதாக, சொல்லைக் கடைசியாக. தமிழில் அளவும் விலையும் புதிதாகக் கண்டுபிடிக்க வேண்டியவை அல்ல. இலக்கணத்தில் தயாராக இருக்கின்றன.

தொடங்கும் முன்: செலவும் காலமும்

மாலையில் ஒரு மணி நேரம் ஒதுக்க முடிந்தால் மூன்று மாதம் வேண்டும். முதல் மாதம் அளவுக்கும் விலைக்கும். இரண்டாம் மாதம் ஒலிப்பதிவுக்கும் சொல் பட்டியலுக்கும். மூன்றாம் மாதம் சோதனை வாசிப்புக்கு. கதை எழுதும் காலம் இதில் சேராது.

பணச் செலவு குறைவு. கோடு போட்ட நீள நோட்டு இரண்டு, கைபேசி, 500 ரூபாய்க்குள் கிடைக்கும் காலர் மைக். ஒலியின் நீளத்தை அளக்கும் ‘பிராட்’ மென்பொருளும், பதிவை வெட்டி ஒட்டும் ‘ஆடாசிட்டி’யும் இலவசம். கணினி இல்லையென்றாலும் கைபேசியின் நிறுத்தற்கடிகாரமே போதும்.

1. அளவைப் பிடியுங்கள்

உங்கள் மந்திர முறையின் நாணயம் மாத்திரை. இயல்பாகக் கண் இமைக்கும் நேரம், அல்லது கை நொடிக்கும் நேரம், ஒரு மாத்திரை. தொல்காப்பியமும் நன்னூலும் இதையே சொல்கின்றன. நன்னூல் செய்த பவணந்தி முனிவரைப் பெருந்துறைக்குப் பக்கத்துச் சீனாபுரத்தோடு சேர்த்துச் சொல்வது வழக்கம். உங்கள் கதையின் அளவுகோல் உள்ளூர்ச் சரக்குதான்.

நோட்டின் முதல் பக்கத்தில் இதை எழுதி ஒட்டிக்கொள்ளுங்கள்:

உயிரளபெடை 3 மாத்திரை. நெடில் 2. குறில் 1. ஒற்றளபெடை 1. மெய் ½. குற்றியலுகரம், குற்றியலிகரம், ஆய்தம் ஒவ்வொன்றும் ½. மகரக்குறுக்கமும் ஆய்தக்குறுக்கமும் ¼.

ஐகாரத்தில் மட்டும் கவனம். கை, தை என்று தனியே நின்றால் 2. சொல்லின் இடையிலும் கடைசியிலும் 1. சொல்லின் முதலில் வந்தால் நன்னூல் 1 என்கிறது, பள்ளிப் பாடநூல் 1½ என்கிறது. ஏதாவது ஒன்றை இப்போதே எடுத்துக்கொண்டு நோட்டில் குறித்துவிடுங்கள். பின்னால் மாற்றினால் எல்லாக் கணக்கும் குலையும்.

குற்றியலுகரத்தில்தான் புதியவர்கள் அதிகம் தடுமாறுகிறார்கள். கு, சு, டு, து, பு, று ஆகிய ஆறும் சொல்லின் கடைசியில் வரும்போதுதான் குறுகும். அப்போதும் தனிக்குறிலை அடுத்து நின்றால் குறுகாது. ‘காத்து’ என்பதில் உள்ள து ½. ‘கொடு’ என்பதில் உள்ள டு 1. ‘நில்லு’ என்பதில் உள்ள லு வல்லினம் ஏறியது அல்ல, ஆகவே 1.

இனி ஒரு வரம்பு வேண்டும். ஒரு மூச்சில் எத்தனை மாத்திரை சொல்லலாம்? சாதாரண ஆளுக்கு 40 என்று வையுங்கள். அதைத் தாண்டினால் மூச்சு வாங்க வேண்டும், வாங்கினால் மந்திரம் அறுபடும். 40 என்பது நான் சொல்லும் எண். நீங்கள் 30 வைத்தாலும் 50 வைத்தாலும் சரிதான், வாயால் சொல்லிப் பார்த்து வைக்க வேண்டும், அவ்வளவே.

2. விலையை உடம்பில் வையுங்கள்

விலை இல்லாத மந்திரம் கதையைக் கொன்றுவிடும். ஒலி எங்கிருந்து பிறக்கிறதோ அந்த இடமே விலை கொடுக்கட்டும். நன்னூல் நான்கு இடம் சொல்கிறது: வல்லினத்துக்கு உரம், அதாவது மார்பு. மெல்லினத்துக்கு மூக்கு. உயிருக்கும் இடையினத்துக்கும் மிடறு, அதாவது தொண்டை. ஆய்தத்துக்குத் தலை.

இதை அப்படியே விலைப்பட்டியல் ஆக்கலாம். மார்புச் செலவு மூச்சிரைப்பாக வரும். மூக்குச் செலவில் வாசனை போகும். தொண்டைச் செலவில் குரல் கம்மும். தலைச் செலவில் நினைவு போகும். உயிர்மெய்யில் எந்த மெய் இருக்கிறதோ அதன் இடத்தில் முழு மாத்திரையையும் எழுதிவிடுங்கள். மெய்க்கும் உயிருக்கும் பிரித்துப் போட ஆரம்பித்தால் கணக்கு முடியவே முடியாது.

இரண்டு மந்திரம் போட்டுப் பார்ப்போம்.

மழையே வாங்க: ம 1, ழை 1, யே 2, வா 2, ங் ½, க 1. மொத்தம் 7½. இதில் தொண்டைக்கு 5, மூக்குக்கு 1½, மார்புக்கு 1.

தீயே தணிங்க: தீ 2, யே 2, த 1, ணி 1, ங் ½, க 1. மொத்தம் இதுவும் 7½. ஆனால் மார்புக்கு 4, தொண்டைக்கு 2, மூக்குக்கு 1½.

அளவு ஒன்றுதான், அடி விழும் இடம் வேறு. மழை அழைத்துப் பழகியவருக்கு வயதானால் குரல் இருக்காது. வைக்கோல் போர் தீயை அணைத்துப் பழகியவர் படியேறினால் இரைக்கும். ஆளைப் பார்த்ததுமே அவர் எந்த மந்திரத்தில் ஆயுளைச் செலவழித்தார் என்று ஊருக்குத் தெரிந்துவிடும். விளக்கமே எழுதாமல் பாத்திரத்தின் கடந்தகாலம் கிடைக்கிறது. இந்த முறையை நான் விடாமல் பரிந்துரைப்பதற்கு முக்கியக் காரணம் இதுதான்.

ஆய்தத்தைச் சிக்கனமாக வையுங்கள். பேச்சில் அது கிட்டத்தட்ட இல்லை, எழுத்து படித்தவர் வாயில்தான் வரும். எஃகு என்ற சொல்லுக்கு எ 1, ஃ ½, கு ½, ஆக 2 மாத்திரைதான். ஆனால் அதில் அரை மாத்திரை தலையிலிருந்து போகிறது. நொய்யல் கரைக் கொடுமணலில் இரும்பும் எஃகும் உருக்கிய உலைகளின் தடயங்கள் அகழாய்வில் கிடைத்திருக்கின்றன. எஃகு மந்திரம் உங்கள் கதையில் எங்கே பிறக்க வேண்டும் என்று தேட வேண்டியதில்லை.

3. எழுத்தையா, ஒலியையா? ஒன்றைத் தேர்ந்தெடுங்கள்

தமிழில் ஓர் எழுத்துக்குப் பல ஒலி. ‘கல்’, ‘தங்கம்’, ‘பகல்’ மூன்றிலும் ககரம் வேறு வேறாக ஒலிக்கிறது. மந்திரம் எழுத்தைக் கேட்கிறதா, ஒலியைக் கேட்கிறதா? ஒலியை என்று வையுங்கள். எழுதிவைத்த ஓலையைப் பார்த்துப் படித்தவன் ஏன் தோற்றான் என்பதற்கு அப்போதுதான் காரணம் கிடைக்கும்.

அடுத்து ழகரம். கொங்கில் பலர் வாயில் மழை ‘மளை’ ஆகும், வாழைப்பழம் ‘வாளப்பளம்’ ஆகும். மந்திரத்துக்கு ழ கட்டாயம் என்று விதி வைத்தால் உங்கள் கதையில் பள்ளிக்கூடம் போனவர்கள் மட்டுமே மந்திரக்காரர்கள் ஆவார்கள். ஆடு மேய்க்கும் அப்பிச்சிக்கு, அதாவது அம்மாவின் அப்பாவுக்கு, ஒன்றும் நடக்காது. அது வேண்டாம் என்பது என் உறுதியான கருத்து. ழவும் ளவும் இரண்டுமே இடையினம், விலையும் தொண்டையில்தான், மாத்திரையும் மாறாது. ஆகவே இரண்டும் செல்லும். சொல்பவர் தனக்குப் பழகிய வாயிலேயே சொல்ல வேண்டும், அடுத்தவர் வாயைப் போலப் பேசினால் செல்லாது என்று வைத்துவிடுங்கள். சென்னையிலிருந்து வந்தவன் கொங்கு வட்டார வழக்கை நடித்துக் காட்டித் தோற்பதற்கும் இடம் கிடைக்கும்.

‘காற்று’ பேச்சில் ‘காத்து’ ஆகிறது. இரண்டுக்கும் 3 மாத்திரைதான், இரண்டிலும் வல்லினம்தான். கணக்கு மாறாது. இப்படிப் பேச்சுக்கும் எழுத்துக்கும் கணக்கு ஒத்துப்போகும் சொற்களைத் தொடக்கத்தில் எடுத்துக்கொண்டால் தலைவலி குறையும்.

ஜ, ஷ, ஸ, ஹ வரும் சொற்களை முறைக்கு வெளியே வையுங்கள். விலையும் இல்லை, பலனும் இல்லை.

4. ‘ங்க’ விதியை எழுதுங்கள்

கொங்கு மண்ணில் நடக்கும் ஒலிமந்திரத்துக்கு இதுதான் முதுகெலும்பு. ஏனுங்க, ஆமாங்க, சரீங்க, வர்றனுங்க என்று மரியாதை ஒவ்வொரு சொல்லின் வாலிலும் ஒட்டிக்கொண்டு வரும் பேச்சு இது. மரியாதை இல்லாத கட்டளை சொன்னவரையே திருப்பி அடிக்கும் என்று விதி வையுங்கள். மரியாதைக்கும் விலை உண்டு: ங் ½, க 1, ஆக 1½ மாத்திரை.

நில்லு 2½. நில்லுங்க 4. வித்தியாசம் 1½. சரி.

ஆனால் குற்றியலுகரத்தில் முடியும் சொல்லில் கணக்கு மாறும். ‘அடங்கு’ என்பது அ 1, ட 1, ங் ½, கு ½, மொத்தம் 3. ‘அடங்குங்க’ என்றால் கு சொல்லின் கடைசியில் இல்லை, அதனால் குறுகாது, 1 ஆகிவிடும். அ 1, ட 1, ங் ½, கு 1, ங் ½, க 1, மொத்தம் 5. மரியாதைக்கு 1½ போகவில்லை, 2 போயிற்று. இந்த அரை மாத்திரையைக் கணக்கில் விட்டவர்களின் நோட்டு நாலாவது அத்தியாயத்திலேயே உளறத் தொடங்கும். ‘ங்க’ போட்ட ஒவ்வொரு சொல்லையும் முதலிலிருந்து எண்ணுங்கள், பழைய எண்ணோடு 1½ கூட்டாதீர்கள்.

யாருக்கு ‘ங்க’ வேண்டும்? பல வீடுகளில் அப்பாவை ‘வாங்க’ என்றும் அம்மாவை ‘வா’ என்றும் கூப்பிடுவார்கள். மாரியம்மனிடம் ‘வாங்க’ என்று யாரும் கும்பிடுவதில்லை. மிக நெருங்கியவருக்கும் தெய்வத்துக்கும் ஒருமை, மற்றவருக்கு ‘ங்க’ என்பதே இயல்பான ஏற்பாடு. காற்றையும் நெருப்பையும் எந்தப் பட்டியலில் வைக்கிறீர்கள் என்பதை நோட்டில் எழுதுங்கள். ஒரு பாத்திரம் மழையை முதல்முறை ‘வா ஆத்தா’ என்று ஒருமையில் அழைத்து, அது வந்துவிட்டால், அவளுக்கும் மழைக்கும் உள்ள உறவு அந்த ஒரு வரியிலேயே தெரிந்துவிடும்.

இதில் ஒன்றை மழுப்பக்கூடாது. யாருக்கு ‘ங்க’ போட்டார்கள், யாருக்குப் போட மறுத்தார்கள் என்பதில் சாதி இருக்கிறது. வயசான ஆளைச் சின்னப் பையன் ‘வாடா போடா’ என்று பேசிய மண் இது. ‘ங்க’வை மந்திரத்தின் அச்சாணியாக்கிவிட்டு அந்தப் பக்கத்தைத் தொடாமல் போனால் உங்கள் முறை பொய்யாகிவிடும். பிறப்பால் மந்திரம் வரும் என்ற விதியையும் தவிருங்கள். வாயால் வரும் ஒன்று யார் வாயாலும் வரலாம். மரியாதை மறுக்கப்பட்டவர் சொல்லும் கட்டளையை மந்திரம் எப்படி எடுத்துக்கொள்கிறது என்ற கேள்விக்கு நேர்மையாக ஒரு விதி எழுதினால், நாவலின் பாதிக் கதை அங்கேயே கிடக்கும்.

5. சொற்கள் சேரும்போது என்ன ஆகும்?

இரண்டு மந்திரத்தைச் சேர்த்துச் சொன்னால் என்ன நடக்கும் என்பதற்குப் புணர்ச்சி விதி போதும். தோன்றல், திரிதல், கெடுதல். வாழை, பழம் சேர்ந்தால் வாழைப்பழம், நடுவே ஒரு ப் பிறக்கிறது. பொன், குடம் சேர்ந்தால் பொற்குடம், ன் ற் ஆகத் திரிகிறது. மரம், வேர் சேர்ந்தால் மரவேர், ம் கெடுகிறது.

தோன்றும் ஒவ்வொரு மெய்யும் கூடுதல் ½ செலவு, கெடும் ஒவ்வொன்றும் ½ மிச்சம். திரிதலில் மொத்தம் மாறாது, விலை இடம் மாறும்: மூக்கில் இருந்த ன், ற் ஆனதும் மார்புக்குப் போய்விடும். கைதேர்ந்த மந்திரக்காரர் மூக்கைக் காப்பாற்ற மார்பைச் செலவழிப்பது இப்படித்தான்.

காத்து 3, அடங்கு 3, தனித்தனியே சொன்னால் 6. சேர்த்து ‘காத்தடங்கு’ என்றால் உகரம் கெட்டு 5½. நூறு முறை சொல்பவருக்கு 50 மாத்திரை மிச்சம். அவசரத்தில் சேர்த்துச் சொல்பவரையும் நிறுத்தி நிதானமாகப் பிரித்துச் சொல்பவரையும் எதிரெதிரே நிறுத்தலாம்.

சந்தி தவறினால் ஆபத்து. ‘வேலை கொடு’ என்பது 5 மாத்திரை. ‘வேலைக் கொடு’ என்பது 5½. அரை மாத்திரை கூடினால் வேலைக்குப் பதில் வேல் கைக்கு வரும்.

பெரிய கட்டு ஒன்று வேண்டுமென்றால் ஈரோட்டுப் பக்கம் அறச்சலூர் இசைக் கல்வெட்டைப் பாருங்கள். த, தை, தா, தே என்னும் நான்கு எழுத்தே வரிக்கு ஐந்தாக ஐந்து வரி வெட்டப்பட்டிருக்கிறது.

த தை தா தை த
தை தா தே தா தை
தா தே தை தே தா
தை தா தே தா தை
த தை தா தை த

இடமிருந்து வலம், வலமிருந்து இடம், மேலிருந்து கீழ், கீழிருந்து மேல், எப்படிப் படித்தாலும் ஒன்றே. எண்ணிப் பாருங்கள்: 8, 10, 10, 10, 8, மொத்தம் 46. அத்தனையும் வல்லினம், அத்தனையும் மார்புச் செலவு. நாம் வைத்த 40 வரம்பில் ஒற்றை ஆளால் ஒரே மூச்சில் இதைச் சொல்லவே முடியாது. இரண்டு பேர் வேண்டும், அவர்கள் எந்த வரியில் கைமாற்றுகிறார்கள் என்பதை நீங்கள் தீர்மானிக்க வேண்டும். கல்வெட்டை அப்படியே மந்திரம் என்று எழுதாமல், அதன் அமைப்பை மட்டும் எடுத்து உங்கள் எழுத்துகளால் புதிய கட்டம் போடுவது நல்லது.

6. எப்படியெல்லாம் கெடும்?

வெற்றியைவிடத் தோல்வியை விரிவாக எழுதிவைக்க வேண்டும். ஒலி வாயில் பிறப்பதால் வாய்க்கு வரும் ஒவ்வொரு கோளாறும் மந்திரத்துக்கும் வரும்.

சளி பிடித்தால் மெல்லினம் போகும். மூக்கடைத்தவர் ‘மழை’ என்றால் ‘பழை’ போலத்தான் கேட்கும், ஏனென்றால் இரண்டுக்கும் இதழ்தான் சேர்கிறது, மூக்கு வழிதான் வித்தியாசம். மழை மந்திரக்காரருக்கு மழையில் நனைந்து சளி பிடிப்பது தொழில் ஆபத்து.

பல் போனால் வகரம் தளரும். வகரம் மேற்பல்லும் கீழிதழும் கூடிப் பிறப்பது. த, ந இரண்டுக்கும் நாக்கு மேற்பல்லின் அடியைத் தொட வேண்டும். ஆறு வயதில் பால்பல் விழும் குழந்தைக்கும் பொக்கைவாய் அமுச்சிக்கும் (அம்மாவின் அம்மாவுக்கும்) ‘வாங்க’ வராது. அமுச்சி அதற்கு மாற்றாக என்ன சொல் வைத்திருக்கிறாள்? பட்டியலில் ஓர் இடம் விட்டுவையுங்கள்.

வெற்றிலை போட்ட வாயில் நாக்கு மேலே எழாது, ட, ண, ற, ன எல்லாமே குழையும்.

தறிச்சத்தம் பெரிய எதிரி. சோமனூர், பல்லடம், பள்ளிபாளையம் பக்கம் விசைத்தறி ஓடும் கொட்டகைக்குள் பக்கத்தில் நிற்பவர் பேசுவதே கேட்காது. மந்திரம் சொன்னால் மட்டும் போதுமா, எதிரே இருப்பது கேட்கவும் வேண்டுமா? கேட்க வேண்டும் என்று வைத்தால் தறிக்குடோன் மந்திரம் செல்லாத இடமாகிவிடும். ஒளிந்துகொள்பவர்கள் அங்கேதான் போவார்கள்.

காற்றும் கணக்கில் வரும். பாலக்காட்டுக் கணவாய் வழியே தென்மேற்குப் பருவக்காற்று வீசும் மாதங்களில் காற்றின் போக்கில் சொன்ன சொல் வெகுதூரம் கேட்கும், எதிர்த்துச் சொன்னது மேலே வளைந்து போய்விடும். கோவையிலும் பொள்ளாச்சியிலும் நடக்கும் கதையென்றால் ஆடி மாத மந்திரம் மேற்கே நின்று கிழக்கே பார்த்துச் சொல்லப்பட வேண்டும்.

கிணறு தனி விஷயம். எதிரொலி தனியாகக் கேட்க ஒலி போய்த் திரும்பப் பத்தில் ஒரு நொடியாவது ஆக வேண்டும், அதற்குத் தடுப்பு ஏறத்தாழ 17 மீட்டர் தள்ளி இருக்க வேண்டும். தண்ணீர் 60 அடி ஆழத்தில் கிடக்கும் கிணற்றில் அது சரியாக நடக்கும். கிணற்றுக்குள் சொன்ன மந்திரம் இரண்டு முறை சொன்ன கணக்கு, விலையும் இரட்டிப்பு என்று வைக்கலாம். தண்ணீர் மேலே ஏறிய ஐப்பசியில் அதே கிணறு ஒன்றும் செய்யாது.

7. குரல்களைப் பதிவு செய்யுங்கள்

காகிதத்தில் எழுதிய மந்திரம் வாயில் நிற்காது. குறைந்தது மூன்று வயதுக்காரர்களைச் சொல்லச் சொல்லிப் பதியுங்கள்: குழந்தை, நடுவயது, முதியவர். ஈரோடு, தாராபுரம், பொள்ளாச்சி என்று ஊர் மாறினால் இன்னும் நல்லது. அர்த்தமுள்ள வாக்கியத்துக்குள் வைத்துச் சொல்லச் சொல்லுங்கள், தனிச் சொல்லாகக் கேட்டால் எல்லோரும் மேடைத்தமிழுக்குப் போய்விடுவார்கள். முதல் பத்து நிமிடம் சும்மா பழமை பேசிக்கொண்டிருந்துவிட்டு அப்புறம் பதிவைத் தொடங்கினால் இயல்பான பேச்சு வரும்.

தறி ஊர்களில் நேரம் பார்க்க வேண்டும். மின்வாரியம் அறிவிக்கும் மாதாந்திரப் பராமரிப்பு மின்தடை நாள்தான் பதிவுக்குப் பொன்னான நாள். காலையிலிருந்து மாலைவரை தறி நிற்கும், மோட்டார் நிற்கும், மின்விசிறிகூட ஓடாது. முந்தின இரவே கைபேசியைச் சார்ஜ் போட்டு வையுங்கள்.

ஒவ்வொருவரிடமும் எழுத்தில் ஒப்புதல் வாங்குங்கள். பெயர், ஊர், தேதி, பதிவு எதற்குப் பயன்படும், பணம் கொடுத்தீர்களா, குரலை வெளியிடுவீர்களா என்ற ஆறும் அதில் இருக்கட்டும். உடுக்கை அடித்துக் கதை பாடும் உடுக்கடிப் பாட்டுக் கலைஞரிடம் பதிந்தால் இன்னும் கவனம், நிகழ்த்துகலைஞருக்குப் பதிப்புரிமைச் சட்டத்திலேயே தனி உரிமை உண்டு. பேசிய தொகையை அன்றைக்கே கொடுத்துவிடுங்கள்.

குலதெய்வக் கோயிலில் பூசாரி சொல்வதைப் பதிந்து அதையே மந்திரமாக வைக்காதீர்கள். அது அந்தப் பங்காளிகளின் வழிபாடு. பேச்சின் ஓசையை எடுங்கள், வழிபாட்டின் சொல்லை விடுங்கள்.

8. மூன்று ஆவணங்கள்

ஒலிப் பதிவேடு: எந்த ஒலி, எங்கே பிறக்கிறது, எந்த உறுப்பு விலை கொடுக்கிறது. இது நாலு பக்கத்துக்கு மேல் போகக்கூடாது. 247 எழுத்துக்கும் தனித்தனி சக்தி என்று ஆரம்பிப்பவர்கள் ககர வரிசை முடிவதற்குள் கைவிட்டுவிடுகிறார்கள். வாசகராலும் நினைவில் வைக்க முடியாது.

சொற்பேரேடு: மந்திரம், மாத்திரை, மார்பு, மூக்கு, தொண்டை, தலை, பலன், தோற்றால் என்ன என்று எட்டுப் பத்தி. நாலு உறுப்புகளின் கூட்டுத்தொகை மாத்திரையோடு ஒத்துப்போகிறதா என்று ஒவ்வொரு வரியிலும் சரிபாருங்கள். 30 மந்திரம் போதும்.

செலவுக் கணக்கு: ஒவ்வொரு பாத்திரமும் அத்தியாயத்துக்கு அத்தியாயம் எத்தனை மாத்திரை செலவழித்தார். இதை எழுதாதவர்கள் கதையில் குரல் போன கிழவி அடுத்த அத்தியாயத்தில் கச்சேரி செய்வாள்.

9. சோதனை வாசிப்பு

உங்கள் விதிகளைத் தெரியாத ஒருவரிடம் பத்து மந்திரத்தைக் கொடுத்து உரக்கப் படிக்கச் சொல்லுங்கள். எங்கே தடுக்குகிறாரோ அந்த மந்திரம் மாற வேண்டும். பிறகு இரண்டு விதிகளை மட்டும் சொல்லி, மூன்றாவது மந்திரம் ஏன் தோற்றது என்று கேளுங்கள். அவரே ஊகித்துவிட்டால் முறை வேலை செய்கிறது. ஊகிக்க முடியாவிட்டால் விதி உங்கள் தலைக்குள் மட்டும் இருக்கிறது, கதைக்குள் வரவில்லை.

கூப்பிடும் குரலையும் சோதியுங்கள். காட்டுக்கு அக்கட்டாலே, அதாவது அந்தப் பக்கம், இருப்பவரைக் கூப்பிடும்போது ‘வாங்கோஓ’ என்று இழுப்போம். அந்த அளபெடைக்கு 3 மாத்திரை, இழுக்க இழுக்க ஏறும். தூரத்துக்கும் மாத்திரைக்கும் ஒரு கணக்கு வைக்கலாம்.

10. உரிமையும் அச்சும்

ஒலிமந்திரம் என்ற யோசனைக்குப் பதிப்புரிமை கிடையாது. நீங்கள் எழுதிய சொற்களுக்கும் கதைக்கும் விளையாட்டு விதிநூலின் வாசகத்துக்கும் உண்டு. எழுதி முடித்த கணமே உரிமை உங்களுடையது, பதிவு கட்டாயமில்லை. தகராறு வந்தால் சான்றாக இருக்கட்டும் என்று நினைத்தால் பதிப்புரிமை அலுவலகத்தின் இணையதளத்தில் 14ஆம் எண் படிவத்தில் விண்ணப்பிக்கலாம். இலக்கியப் படைப்புக்குக் கட்டணம் 500 ரூபாய், ஒலிப்பதிவுக்கு 2000. விண்ணப்பத்துக்கான டைரி எண் கிடைத்த பிறகு ஆட்சேபனைக்காக 30 நாள் காத்திருப்பு கட்டாயம், அதற்குப் பிறகே பரிசீலனை. ஆகவே அச்சுக்குக் கொடுக்கும் வாரத்தில் விண்ணப்பித்துவிட்டுச் சான்றிதழை எதிர்பார்க்காதீர்கள்.

சொந்தமாகப் பதிப்பிப்பவர்களுக்கு ஐஎஸ்பிஎன் எனும் நூல் அடையாள எண் மத்திய அரசின் ராஜா ராம்மோகன் ராய் முகமையில் இலவசமாகக் கிடைக்கும். வாங்கித் தருகிறேன் என்று பணம் கேட்பவர்களிடம் கொடுக்காதீர்கள். புத்தகம் வெளிவந்த 30 நாளுக்குள் கொல்கத்தா தேசிய நூலகத்துக்கும் சென்னை கன்னிமாரா உள்ளிட்ட மற்ற மூன்று நூலகங்களுக்கும் பிரதி அனுப்ப வேண்டும் என்று 1954ஆம் ஆண்டுச் சட்டம் சொல்கிறது. அஞ்சல் செலவு உங்களுடையது, அச்சு எண்ணிக்கையில் அந்தப் பிரதிகளையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

விளம்பரத்தில் எச்சரிக்கை. ‘இந்த மந்திரம் சொன்னால் சர்க்கரை குறையும்’ என்று விளையாட்டுக்குக்கூட எழுதாதீர்கள். மந்திரத்தால் நோய் தீரும் என்று விளம்பரம் செய்வதைத் தடுக்க 1954லேயே தனிச் சட்டம் இருக்கிறது. அட்டையின் பின்புறம் ‘இது கற்பனை’ என்று தெளிவாக ஒரு வரி போடுங்கள், அதைக் கொட்டை எழுத்தில் போடுங்கள்.